சபை கேட்கும் உரிமை

14

கார்த்திகாவின் கல்யாணப் பேச்சு ஒருவழியாகக் கூடிவந்துவிட்டது. அறந்தாங்கி ஆத்மநாதன் தாமாகவே அரிமளத்துக்கு வீடு தேடி வந்து, தம் மகன் பிரவீன்குமாருக்குப் பெண் கேட்டார். கார்த்திகாவின் அப்பா ஆண்டியப்பன் ஒரே ஒரு நிபந்தனையோடு சம்மதித்தார். "எங்க வழக்கப்படி நான் சபை கேப்பேன். நீங்க மொறைப்படி பதில் சொல்லணும்" என்றார். ஆத்மநாதன் மறுபேச்சில்லாமல் தலையாட்டினார். உள்ளே காபி ஆற்றிக்கொண்டிருந்த அவள் அம்மா சொர்ணம்தான் தம்ளரை அப்படியே கீழே வைத்துவிட்டாள்.

போன வாரம் நடந்தது அது. இன்றைக்கு நிச்சயம்.

ஆண்டியப்பன் விடியும்போதே குளித்து, கஞ்சி போட்ட வேட்டியைக் கட்டிக்கொண்டு மண்டபத்துக்கு நடந்தார். காரில் போகலாம் என்று சொர்ணம் சொல்லிப் பார்த்தாள். பெண்ணைப் பெற்றவன் நாலு பேர் பார்க்க ஊருக்குள் நடந்துதான் போக வேண்டும் என்பது அவருடைய கணக்கு. வழியில் வணக்கம் சொன்னவர்களுக்கெல்லாம் நின்று வணக்கம் சொன்னார்.

மண்டபத்து வாசலுக்கு வந்தவர் அங்கேயே நின்றுவிட்டார்.

இரண்டு சவுக்குக் கம்புகளுக்கு நடுவே ஒரு பிளக்ஸ் பேனர் கட்டியிருந்தது. ஒரு பக்கம் கறுப்புக் கண்ணாடி போட்ட பிரவீன்குமார். இன்னொரு பக்கம் ஒட்டு மீசையும் தொந்தியுமாக ஒரு சினிமாச் சிரிப்பு நடிகர். நடுவில் கொட்டை எழுத்தில், "ஆளு வந்தாச்சு, மாப்ள வரட்டும்." கீழே, அன்புடன் அறந்தாங்கி நண்பர்கள்.

அந்த வாக்கியத்தைத் தமிழ்நாட்டில் தெரியாதவர்கள் குறைவு. அது யாருடைய வாக்கியம் என்று தெரிந்தவர்கள் அரிமளத்துக்கு வெளியே அதிகமில்லை.

ஆண்டியப்பனின் பங்காளி வீடுகளில் ஒரு வழக்கம் உண்டு. நிச்சயத்தில் தட்டு மாற்றுவதற்கு முன்னால், பெண் பக்கத்துச் சபையில் ஒருவர் எழுந்திருப்பார். தோளில் கிடக்கும் துண்டை எடுத்து மடித்துக் கையில் போட்டுக்கொண்டு, மாப்பிள்ளை வீட்டாரைப் பார்த்து, "ஆளு வந்தாச்சு, சொல்லு வரட்டும்" என்று கேட்பார். மாப்பிள்ளை வீட்டில் மூத்தவர் எழுந்து, "ஆளு சாட்சி, சொல்லு தந்தோம்" என்பார். அந்தச் சொல் வருகிறவரைக்கும் மாப்பிள்ளை வீட்டார் அந்த இடத்தில் பச்சைத் தண்ணீர் குடிக்க மாட்டார்கள். என்ன பதில் சொல்ல வேண்டும் என்று பெண் வீட்டார் சொல்லித்தரவும் கூடாது. கேட்டு வாங்குவதுதான் சொல். சொல்லிக்கொடுத்து வாங்கினால் அது சொல் ஆகாது.

எந்தப் பங்காளி வீட்டுப் பெண்ணாக இருந்தாலும் சபை கேட்கும் உரிமை ஆண்டியப்பனின் வீட்டுக்குத்தான். அவருடைய அய்யா கேட்டார், அய்யாவுக்கு அய்யா கேட்டார்.

கார்த்திகா மூன்றாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்த வருஷம், திருமயம் பக்கம் ஒரு சினிமா எடுத்தார்கள். ஆண்டியப்பனின் தம்பி நிலவழகன் அந்தக் கூட்டத்தோடு பழகி, அவர்களைத் தங்கச்சி நிச்சயத்துக்குக் கூட்டிக்கொண்டு வந்தான். அய்யா அவர்களைத் தனிப் பந்தியாக உட்காரவைத்து, தாமே பாயசம் ஊற்றினார். மறுவருஷம் படம் வந்தது. படம் ஓடவில்லை. ஆனால் அதில் ஒரு நிச்சயதார்த்தச் சிரிப்புக் காட்சி இருந்தது. அது ஓடியது, இன்றைக்கும் ஓடுகிறது. பெண் வீட்டுப் பெரியவர் எழுந்து துண்டை மடித்துக் கையில் போட்டுக்கொண்டு, "ஆளு வந்தாச்சு, சொல்லு வரட்டும்" என்கிறார். அந்தத் தொந்தி நடிகர் அடுப்படிப் பக்கம் மூக்கை நீட்டி வாசம் பிடித்துவிட்டு, "சொல்லு எங்கயும் போகாது, மொதல்ல சோறு வரட்டும்" என்கிறார்.

அவ்வளவுதான். பஸ்ஸில் கண்டக்டர், ஆளு வந்தாச்சு சில்லறை வரட்டும் என்றார். டீக்கடையில் ஆளு வந்தாச்சு வடை வரட்டும். தேர்தல் வந்தால் கட்சிக்காரர்களை அந்தத் தொந்தி உடம்பில் ஒட்டிப் படம் போட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை ஆனால் டிவியில் அந்தக் காட்சி. செல்போன் வந்த பிறகு அந்த மூக்கு மட்டும் தனியாக ஸ்டிக்கராகச் சுற்றியது. ஆண்டியப்பன் அந்தக் காட்சியைப் பார்த்ததே இல்லை என்றுதான் சொல்வார். ஒருமுறை அறந்தாங்கி போகிற பஸ்ஸில் போட்டுவிட்டார்கள். நடுவழியில் இறங்க முடியவில்லை. பின்வரிசையில் நிலவழகன் சிரித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதையும் அன்றைக்குத்தான் பார்த்தார். அதன்பிறகு தம்பியோடு தேவைக்குமேல் அவர் பேசுவதில்லை.

படம் வந்த வருஷமே ஒரு பங்காளி வீட்டு நிச்சயத்தில் அய்யா சபை கேட்க எழுந்தார். துண்டை மடித்தார், கேட்டார். மண்டபம் சிரித்தது. பின்னாலிருந்து ஒருத்தன் சோறு வரட்டும் என்றான். அய்யா மடித்த துண்டைப் பிரித்துத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார். சாப்பிடவில்லை. சாகிறவரைக்கும் வேறெந்தச் சபையிலும் அவர் உட்காரவில்லை. அன்றிலிருந்து பங்காளி வீடுகளில் பேசாமல் தட்டை மாற்றிக்கொள்கிறார்கள். உரிமை இருந்தது, கேட்க ஆளில்லை.

பேனரைப் பார்த்தபடி ஆண்டியப்பன் நின்றுகொண்டிருந்தபோது ஒரு மோட்டார்சைக்கிள் வந்து நின்றது. பிரவீன்குமார்தான். தலையெல்லாம் காற்றில் கலைந்திருந்தது. வண்டியை நிறுத்தியவன் நேரே கம்பில் ஏறி, பிளேடால் கயிற்றை அறுத்து, பேனரைச் சுருட்டி இறக்கினான். இறங்கி வந்த பிறகுதான் பேசினான். நண்பர்கள் ராத்திரியே கட்டிவிட்டு வாட்ஸப்பில் படம் போட்டார்களாம். பார்த்ததும் புறப்பட்டு வந்தானாம்.

"மன்னிச்சுக்கங்க மாமா."

"மாமான்னு இன்னும் சபை சொல்லல" என்றார் ஆண்டியப்பன்.

"சரிங்க."

"நல்ல நேரத்துக்கு முன்னால மாப்பிள்ளை இங்க நிக்கக் கூடாது. கெளம்புங்க."

அவன் பேனரைத் தொடைக்கு அடியில் திணித்துக்கொண்டு போனான். அவன் திரும்புகிற வரைக்கும் ஆண்டியப்பன் பார்த்துக்கொண்டிருந்தார். பையன் கம்பில் ஏறிய விதம் அவருக்குப் பிடித்திருந்தது. அதை யாரிடமும் சொல்லவில்லை.

வீட்டுக்குத் திரும்பினால் சொர்ணம் காத்திருந்தாள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவர் பேச்சுக்கு எதிர்ப்பேச்சுப் பேசாதவள் என்று ஊரில் பெயர். வீட்டுக்குள் அப்படியில்லை.

மற்ற வீட்டில் செய்கிற மாதிரி தட்டை மட்டும் மாற்றிக்கொள்ளலாமே என்று ஆரம்பித்தாள். மாப்பிள்ளை பக்கம் வருகிறவர்கள் பாதிப்பேர் செல்போனிலேயே வளர்ந்தவர்கள் என்றாள். ஒருத்தன் சிரித்தால் போதும், அப்புறம் அடக்க முடியாது. சொல் வராவிட்டால் அன்றைக்குத் தட்டு மாற்றக் கூடாது என்பதும் இவர்கள் வழக்கம்தானே. இந்த இடமும் தட்டிப்போனால் என்ன செய்வது?

"ஏங்க, ஒங்க கவுரதைக்கு எம்மவ வாழ்க்கையப் பணயம் வப்பீங்களா?"

"கவுரதை எனக்கு மட்டுமா? அவ போற வீட்டுக்கு வாயில்லாத வீட்டுப் பொண்ணாவா போவா?"

சொர்ணம் பட்டுப்புடவையை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். கதவைச் சாத்திய சத்தம்தான் பதில்.

கொஞ்ச நேரத்தில் கார்த்திகா வந்தாள். தலையில் பூ வைத்திருந்தாள், கையில் மருதாணி சிவந்திருந்தது. புதுக்கோட்டையில் ஒரு ஆஸ்பத்திரி லேபில் வேலை. பிரவீன்குமார் மருந்து கம்பெனி ரெப்பாக அங்கே வந்து போகிறவன். அந்த அளவுக்கு ஆண்டியப்பனுக்கும் தெரியும். மீதியை அவர் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை. இன்றைக்குச் சொன்னாள்.

முதல் நாள் அவன் கேன்டீனுக்குள் வந்தபோது, ஆளு வந்தாச்சு டீ வரட்டும் என்றானாம். எல்லோரும் சிரித்தார்கள், இவள் சிரிக்கவில்லை. ஏன் என்று கேட்டான். இது எங்கள் வீட்டுச் சொல் என்றாள். அதன்பிறகு அவள் முன்னால் அந்த வார்த்தையை அவன் சொன்னதே இல்லை.

"அதனாலதான் எனக்கு அவரப் பிடிச்சுச்சுப்பா."

ஆண்டியப்பன் கைக்கடிகாரத்தைக் கட்டிக்கொண்டிருந்தார்.

"நீங்க கேளுங்க. அம்மா சொல்றாகன்னு விட்றாதீங்க. சிரிச்சாலும் சிரிச்சுட்டுப் போறாங்க. ஆனா ஒண்ணு."

"என்ன?"

"தாத்தா மாதிரி துண்ட ஒதறித் தோள்ல போட்டுக்கிட்டு எந்திரிச்சுப் போயிராதீங்க. நான் அங்கனயே உக்காந்திருப்பேன்."

அவர் சரி என்று சொல்லவில்லை. நேரமாகிறது என்று மட்டும் சொன்னார்.

மாப்பிள்ளை வீட்டார் இரண்டு வேனிலும் மூன்று காரிலுமாக வந்து இறங்கினார்கள். ஆத்மநாதன் முதலாவதாக இறங்கினார். நல்ல உயரம், பருத்த உடம்பு, புதுப் பட்டுச் சட்டை. சிறுவயதிலேயே ஷார்ஜாவுக்குப் போய் உழைத்து, போன வருஷம்தான் ஒரேயடியாக ஊர் திரும்பியவர். அவர்கள் ஊர்ப் பக்கம் இந்த மாதிரிச் சபை கேட்கும் வழக்கமெல்லாம் கிடையாது. இறங்கியதிலிருந்தே அவர் உதடு எதையோ முணுமுணுத்துக்கொண்டிருந்தது. சாமி கும்பிடுகிறார் என்று ஆண்டியப்பன் நினைத்துக்கொண்டார்.

வந்தவர்களை உட்காரவைத்து, தண்ணீர் கொண்டுபோகச் சொன்னார். வழக்கம் தெரிந்தவர்கள் வாங்க மாட்டார்கள், தெரியாதவர்கள் குடித்துக்கொள்ளட்டும் என்பது எண்ணம். எல்லோருமே குடித்தார்கள். தண்ணீர் கொண்டுபோன நிலவழகன் திரும்பி வந்து, கடைசி வரிசையில் ஒருவர் மட்டும் வேண்டாம் என்றுவிட்டதாகச் சொன்னான். சொல் ஆகட்டும், பிறகு குடிக்கிறேன் என்றாராம்.

ஆண்டியப்பன் எட்டிப் பார்த்தார். வெள்ளை அரைக்கைச் சட்டை, மெலிந்த உடம்பு, முழங்காலுக்கு இடையில் ஒரு கைத்தடி. மாப்பிள்ளை வீட்டில் இதெல்லாம் தெரிந்த மனிதரும் இருக்கிறார் என்று அவருக்கு ஒரு நிறைவு. நிலவழகன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் ஐயர் கூப்பிட்டுவிட்டார்.

லக்கினப் பத்திரிகை வாசித்து முடிந்தது. தட்டுகள் நடுவில் வந்தன. ஆண்டியப்பன் எழுந்தார்.

அவர் எழுந்ததுமே மண்டபத்தில் ஒரு சலசலப்பு. துண்டை எடுத்து மடித்துக் கையில் போட்டதும் சலசலப்பு அடங்கியது. அடங்கிய இடத்தில் செல்போன்கள் உயர்ந்தன. இளவட்டங்கள் சிலர் வாயைக் கையால் பொத்திக்கொண்டார்கள். சொர்ணம் தாம்பாளத்தின் விளிம்பைப் பிடித்திருந்தாள். கார்த்திகா தலையைக் குனியவில்லை, அவரையே பார்த்தாள்.

"ஆளு வந்தாச்சு" என்றார் ஆண்டியப்பன். குரல் உடையவில்லை. "சொல்லு வரட்டும்."

யாரும் சிரிக்கவில்லை. பதில் வரட்டும் என்று எல்லோரும் அடக்கிக்கொண்டிருந்தார்கள்.

ஆத்மநாதன் எழுந்தார். இரண்டு கையையும் நெஞ்சுக்கு நேரே கூப்பினார். சத்தியப் பிரமாணம் எடுப்பதுபோல ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னார்.

"சொல்லு எங்கயும் போகாது. மொதல்ல சோறு வரட்டும்."

சொல்லிவிட்டுக் குனிந்து வணங்கினார். கூப்பிய கை கூப்பியபடி இருந்தது.

பெண்கள் பக்கம் ஒரு சிரிப்புக் கிளம்பிப் பாதியில் அறுந்துபோனது. சொன்னவர் முகத்தில் சிரிப்பில்லை. மேடையில் பிரவீன்குமார், "அப்பா" என்று எழுந்துவிட்டான். அரிமளத்துப் பங்காளிகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

ஆண்டியப்பன் கையிலிருந்த துண்டு தானாகவே பாதி பிரிந்தது. அதை உதறித் தோளில் போட ஒரு நொடி போதும். அய்யா நடந்துபோன வழி எது என்று அவருக்குத் தெரியும்.

அவர் ஆத்மநாதனின் கைகளைப் பார்த்தார். அந்தப் பெரிய கைகள் நடுங்கிக்கொண்டிருந்தன. நெற்றியில் வேர்வை அரும்பியிருந்தது. பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் ஒப்பித்துவிட்டு வாத்தியார் முகத்தைப் பார்க்கிற பிள்ளையைப்போல அவர் ஆண்டியப்பனைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

கேலி செய்கிறவனுக்குக் கை நடுங்காது.

காரிலிருந்து இறங்கியபோது முணுமுணுத்தது சாமி மந்திரமில்லை என்று அப்போதுதான் ஆண்டியப்பனுக்கு விளங்கியது. முறைப்படி பதில் சொல்ல வேண்டும் என்று சொன்னவர் அவர்தான். எது முறை என்று சொல்லாதவரும் அவர்தான். அந்தப் பதில் இருக்கிற இடமென்று வெளியூர் மனிதருக்கு ஒரே ஒரு இடம்தான் தெரியும். அந்தச் சினிமா.

அவர் துண்டைத் திரும்ப மடித்தார்.

"சொல்லு எங்கயும் போகாதுன்னு சபையில சொல்லியாச்சு" என்றார் எல்லோருக்கும் கேட்கும்படி. "நான் காத்திருக்கேன். எலை போடுங்க."

பங்காளிகளில் மூத்தவர் ஒருவர் எழுந்துவிட்டார். "என்ன ஆண்டி, சொல்லு வாங்காம சோறா? எந்தக் காலத்துல நடந்துச்சு இது?"

"சபையில ஒருத்தரு சோறு கேட்ட பொறகு இல்லேன்னு எந்தக் காலத்துலண்ணே நம்ம வீட்ல சொன்னோம்?"

மூத்தவர் உட்கார்ந்துவிட்டார். தட்டுகள் மாறாமல் அப்படியே மேடையில் இருக்க, பந்திக்கு இலை விழுந்தது. சமையல்காரர் பருப்பை இன்னும் கடையவில்லை என்று அலறிக்கொண்டு ஓடினார்.

முதல் பந்தியில் ஆத்மநாதன் உட்கார்ந்த கொஞ்ச நேரத்தில் பிரவீன்குமார் குனிந்து காதில் ஏதோ சொன்னான். அவர் முகம் மாறுவதை எதிர்வரிசையில் கரண்டியோடு நின்ற ஆண்டியப்பன் பார்த்தார். சோற்றைப் பிசைந்த கை அப்படியே நின்றுவிட்டது. இலையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்.

ஆண்டியப்பன் சாம்பார் வாளியை ஆள் கையிலிருந்து வாங்கிக்கொண்டு அவர் இலைக்கு முன்னால் போனார்.

"ஊத்தட்டுங்களா?"

ஆத்மநாதன் நிமிரவில்லை. தாழ்ந்த குரலில் சொன்னார். பதில் எதுவென்று யாரையும் கேட்க அவருக்கு வெட்கமாக இருந்திருக்கிறது. எங்கள் வீட்டு வழக்கத்தைத்தான் சினிமாவில் அப்படியே எடுத்தார்கள் என்று கல்யாணம் பேசும்போது நிலவழகன் ஒருமுறை பெருமையாகச் சொன்னது ஞாபகம் வந்திருக்கிறது. சரி, பதிலும் அதுதான் என்று எடுத்துக்கொண்டார்.

"ஒங்க வீட்டுச் சோத்த மதிச்சுக் கேக்குற மொறைன்னு நெனச்சேங்க. அது சிரிப்புக்குச் சொன்னதுன்னு எனக்குத் தோணவே இல்ல."

"படம் பாத்துச் சிரிச்சிருப்பீகளே?"

"சிரிச்சிருக்கேன்." இலையில் சோற்றை விரலால் ஒதுக்கினார். "ஆனா எங்க வீட்ல அது வேற. நான் லீவுக்கு வர்றப்பல்லாம் திருச்சி ஏர்போர்ட்ல எம்பிள்ளைக நின்னுக்கிட்டு, ஆளு வந்தாச்சு பெட்டி வரட்டும்னு கத்தும். நான், பெட்டி எங்கயும் போகாது, மொதல்ல முத்தம் வரட்டும்னு சொல்லணும். சொன்னாத்தான் கிட்ட வருவாக. ரெண்டு வருசத்துக்கு ஒருக்கப் பாக்குற அப்பன்கிட்ட வர்றதுக்கு அதுகளுக்கு அந்தப் பேச்சுதான் இருந்துச்சு. அந்தப் பேச்ச நான் கேலியா நெனச்சதே இல்லைங்க."

ஆண்டியப்பன் வாளியைப் பிடித்தபடி நின்றார். தம் வீட்டிலிருந்து எடுத்துப்போன சொல் எங்கெங்கேயோ அலைந்து சந்தி சிரித்தது என்றுதான் இத்தனை நாளும் எண்ணியிருந்தார். அது ஒரு விமான நிலையத்தில் போய் ஒரு வீட்டுக்குச் சாவியாக இருந்திருக்கிறது. இதை அவர் எதிர்பார்க்கவில்லை. பிடித்ததா, பிடிக்கவில்லையா என்றும் உடனே சொல்லத் தெரியவில்லை.

"சரியான பதில் என்னன்னு சொல்லுங்க" என்றார் ஆத்மநாதன். "இப்பவே எந்திரிச்சுச் சபையில சொல்லிர்றேன்."

"நான் சொல்லித் தரக் கூடாது. அது மொறை இல்ல" என்றார் ஆண்டியப்பன். "சாப்பிடுங்க."

சொல்லிவிட்டுச் சாம்பார் ஊற்றினார். ஊற்றிய பிறகு வாழைப்பூ வடைத் தட்டைத் தாமே வாங்கி, கேட்காமலே ஒன்றுக்கு இரண்டாக வைத்தார்.

பந்தி முடிந்து கை கழுவியதும் எல்லோரும் திரும்ப மண்டபத்துக்குள் வந்து உட்கார்ந்தார்கள். சாப்பிட்ட கிறக்கத்தில் யாருக்கும் செல்போனைத் தூக்கத் தோன்றவில்லை. ஆண்டியப்பன் மறுபடி எழுந்து கேட்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே ஆத்மநாதன் எழுந்தார். கை கழுவிய ஈரம் சட்டையில் தெறித்திருந்தது.

"சோறு வந்துருச்சு" என்றார். கையைக் கூப்பவில்லை. நேராக ஆண்டியப்பனைப் பார்த்தார். "நானும் எங்கயும் போகல, சொல்லும் எங்கயும் போகல. ஒங்க பொண்ணு எங்க வீட்டுப் பொண்ணு. சபையில நான் குடுக்குற சொல்லு இது."

 பங்காளி மூத்தவர் ஆண்டியப்பனைப் பார்த்தார். முறையான வார்த்தையில் ஒன்றுகூட அதில் இல்லை. முறைப்படி பார்த்தால் ஒன்றும் குறையவும் இல்லை. ஆள் இருந்தது, சாட்சி இருந்தது, சொல் வந்தது. சொல்லித்தராமல் வந்தது.

"சொல்லு வந்துருச்சு" என்றார் ஆண்டியப்பன். "தட்டை எடுங்க சம்பந்தி."

சொர்ணம் அதற்குப் பிறகுதான் தாம்பாளத்தை விட்டுக் கையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிரவீன்குமார் மேடையிலிருந்து இறங்கி வந்து காலில் விழுந்தான். "இப்பச் சொல்லலாமா?" என்று கேட்டான். "சொல்லுங்க மாப்பிள்ளை" என்றார். கார்த்திகா தட்டுக்குப் பின்னாலிருந்து அவரைப் பார்த்தாள். துண்டு இன்னும் அவர் கையில்தான் மடித்தபடி இருந்தது. அதை அவள் பார்த்துவிட்டாள் என்பதை அவரும் பார்த்தார்.

வெற்றிலை பாக்குக் கொடுத்து வேன்கள் கிளம்பத் தொடங்கிய பிறகு, யாராவது சாப்பிடாமல் போகிறார்களா என்று ஆண்டியப்பன் ஒரு சுற்று வந்தார். அவர் வீட்டு விசேஷத்தில் அதை அவர்தான் பார்ப்பார். பந்தி நடந்த இடத்தில் ஒரே ஒரு இலை மட்டும் எச்சில் படாமல், போட்டது போட்டபடி கிடந்தது.

கடைசி வரிசையில் அந்த வெள்ளைச் சட்டைக்காரர் இன்னும் உட்கார்ந்திருந்தார்.

சொல் ஆகிவிட்டது. இனிச் சாப்பிடலாமே. ஆண்டியப்பனுக்கு உறுத்தியது. சம்பந்தி வீட்டு மனிதர் பசியோடு போனால் நாளைக்கு யார் பதில் சொல்வது? நிலவழகனைக் கூப்பிட்டார்.

"அந்தப் பெரியவரு ஏன் சாப்பிடல? அவுக ஆளுகள்ல ஒருத்தரும் கவனிக்கலையா?"

நிலவழகன் காலையில் சொல்ல வாயெடுத்ததை இப்போது சொன்னான். தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான்.

"அவரு அவுக ஆளு இல்லண்ணே. நான் கூப்பிட்டு வந்தவரு."

"யாரு?"

"இன்னைக்கு நீங்க சபை கேக்கப் போறீகன்னு போன்ல சொன்னேன். சொன்னதும் மெட்ராஸ்லருந்து ராத்திரி ரயில்ல பொறப்பட்டு வந்துட்டாரு." தம்பி கடைசி வரிசையைக் கண்ணால் காட்டினான். "அய்யா கையால பாயசம் வாங்கிக் குடிச்ச ஆளு. அந்தக் காமெடியில பேசுற வசனமெல்லாம் இவரு எழுதுனது."

ஆண்டியப்பன் நிலவழகனைப் பார்க்கவில்லை. எச்சில் படாத அந்த இலையைப் பார்த்தார். பந்தி எடுக்க வந்த பெண் அதைச் சுருட்டக் குனிந்தபோது கையமர்த்தினார்.

"அந்த எலைய எடுக்காதம்மா."

மடித்த துண்டை எடுத்து ஒருமுறை நீவிக் கையில் சரியாகப் போட்டுக்கொண்டார். காலியான நாற்காலிகளைக் கடந்து கடைசி வரிசைக்கு நடந்தார். அவர் வருவதைப் பார்த்ததும் அந்த மனிதர் கைத்தடியை ஊன்றி எழுந்து நிற்க முயன்றார். முதல் தடவை முடியவில்லை. ஆண்டியப்பன் கை கொடுக்கவில்லை. அவர் தாமாக எழுந்து நேராக நிற்கிறவரைக்கும் பொறுத்துக்கொண்டு நின்றார்.

"ஆளு வந்தாச்சு" என்றார் ஆண்டியப்பன்.

மீதியை அவர் சொல்லவில்லை. காத்திருந்தார்.